மடுச் சந்தியில் ஏறியவர்கள் என்னை நோன்பாளி என்று நினைத்த நாள்

2011 ஆகஸ்ட் 15, திங்கட்கிழமை, பிற்பகல் ஒன்று நாற்பது. மேகம் ஒன்றுகூட இல்லை. சோளகக் காற்று புழுதியை அள்ளி பஸ்ஸுக்குள் வீசியது. தொண்ணூறில் புலிகள் முஸ்லிம்களை வடக்கிலிருந்து வெளியேற்றிய பிறகு, புத்தளத்தில் இருபத்தொரு வருடம் அகதியாக இருந்துவிட்டு மன்னாரில் மீண்டும் குடியேறப் போய்க்கொண்டிருந்தேன். மடுச் சந்தியில் மாதா திருவிழா முடிந்த சனம் ஏறியது. எண்ணினேன்: ஐம்பத்தேழு பேர். தொப்பி போட்டவன் நான் ஒருவன்தான்.

றமழான் மாதம். ஆனால் நான் நோன்பு பிடித்திருக்கவில்லை. காலையில் இன்சுலின் போட்டிருந்தேன் என்பது ஒரு காரணம். மற்றதை எவரிடமும் சொன்னதில்லை. மனைவி மவுத்தான பிறகு, தொழுகையில் றக்அத் என்னும் சுற்றுகளை எண்ணுவதைத் தவிர எனக்குள் எதுவும் நடப்பதில்லை. கேட்பவன் இருக்கிறானா என்பதே சந்தேகமாகிவிட்டது.

பக்கத்தில் இருந்த பெண் சோற்றுப் பார்சலை அவிழ்த்தாள். முன் இருக்கைக்காரி திரும்பி என் தொப்பியைப் பார்த்தாள். முஸ்லிம் ஆணை இங்கே 'நானா' என்றுதான் அழைப்பார்கள்.

"மூடுங்கோ மச்சாள், நானா நோன்பு."

அவள் மூடினாள். வரிசை வரிசையாகப் பார்சல்கள் மூடின. பின்னாலிருந்து ஒருவன், "மாதாவுக்காக ஒன்பது நாள் மீன், இறைச்சி எண்டு மச்சமெல்லாம் விட்டனாங்கள். இனி நானாவுக்காகப் பட்டினியும் கிடக்கவோ?" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். அவனும் மூடினான்.

என் பையில் நாலு பிஸ்கட் இருந்தது. எடுக்க முடியவில்லை. மதகுகளை எண்ணினேன், பதினொன்றுக்குப் பிறகு எண் தவறியது. இன்சுலின் போட்டுவிட்டுச் சாப்பிடாமல் இருந்ததில் சீனி இறங்கி, சட்டை வேர்வையில் நனைந்தது.

"என்ன நானா, இப்பிடி வேர்க்குது? சீனி வருத்தமோ?" என்றாள் பக்கத்தில் இருந்த பெண்.

"ஓம் பிள்ளை."

"அப்ப விடுங்கோ. வருத்தக்காரரும் பயணக்காரரும் நோன்பை விடலாம்தானே. தொண்ணூறுக்கு முதல் எங்கட பக்கத்து வீட்டு உம்மா சொன்னவ."

வாழைப்பழத்தை உரித்து, தேத்தண்ணியும் ஊற்றித் தந்தாள். நான் நோன்பே இல்லை என்று சொல்ல வாய் திறந்தேன். ஐம்பத்தேழு பேர் இருபத்தைந்து நிமிடம் பசியோடு இருந்திருந்தார்கள். பழத்தைக் கடித்தேன்.

"நானா நோன்பு திறந்திட்டார், நாங்களும் திறப்பம்!" என்றான் பின்னால் இருந்தவன்.

நோயாளியான கிழவன் விடும் ஒவ்வொரு நோன்புக்கும் ஓர் ஏழைக்கு உணவு கொடுக்க வேண்டும். அந்த மாதத்தின் மற்ற நாட்களுக்கு நான் ஒன்றும் கொடுக்கவில்லை. கொடுக்க மனம் வரவில்லை. அந்தத் திங்கட்கிழமையை மட்டும் விட முடியவில்லை. அன்று எனக்கு நோன்பு இருந்ததாக ஒரு பஸ்ஸே நம்பியது. மறுநாள் மன்னார்க் கடையில் ஒரு கிலோ அரிசி வாங்கி, தகரக் கொட்டிலில் இருந்த ஒரு விதவையிடம் கொடுத்தேன். அறுபத்தைந்து ரூபா.