மாடி வீட்டு ஜெர்மன் ஆன்ட்டி எடுத்த படம்

வளைகுடாவில், ஈசா டவுனில் நாங்கள் குடியிருந்த வீட்டுக்கு மேல்மாடியில் ஒரு ஜெர்மன் ஆன்ட்டி இருந்தார். அவருடைய கணவர் அப்பாவின் கம்பெனியில் இன்ஜினியர். ஆன்ட்டி ஆவணப்படம் எடுப்பவர் என்று அப்பா சொன்னதை அம்மா சினிமா என்றே எடுத்துக்கொண்டாள். சினிமாக்காரர் ஒருவர் தலைகூட வாராமல் கீழே இறங்கி வந்து, நம் வீட்டு இட்லியை ஜாம் தொட்டுச் சாப்பிடுவது அவளுக்குத் தீராத ஆச்சரியம்.

எனக்கு அப்போது பத்து வயது. ஸ்கூல் விட்டு வந்ததும் மேலே ஓடிவிடுவேன். ஆன்ட்டி கம்ப்யூட்டரில் படத்தை எடிட் செய்துகொண்டிருப்பார். திரையில் எப்போதும் ஒரே கிழவர், ஒரே சாப்பாட்டு மேஜை. கிழவர், ஆன்ட்டியின் அப்பா. “இந்த மேஜை யாருடையது?” என்று ஆன்ட்டியின் குரல் ஜெர்மனில் கேட்கும், கீழே ஆங்கிலத்தில் எழுத்து ஓடும். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்.

நாஜிகள் காலத்தில் அவர்களுடைய எதிர்வீட்டு யூதக் குடும்பத்தைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்களாம். அந்த வீட்டுச் சாமான்களை ஏலம் விட்டபோது ஆன்ட்டியின் தாத்தா மேஜையை வாங்கி வந்தாராம். போனவர்கள் திரும்பவே இல்லை. மேஜை மட்டும் இருந்தது.

படம் முடிந்ததும், ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் எங்கள் ஹாலிலேயே அதைப் போட்டுக்காட்ட அப்பா ஏற்பாடு செய்தார். பனிமலையும் கோட்டையும் பார்க்கலாம் என்று அக்கம்பக்கத்துக் குடும்பங்கள் குழந்தை குட்டிகளோடு வந்துவிட்டன. அம்மா மசால் வடை சுட்டிருந்தாள். பார்க்கக் கிடைத்ததோ பேசாமல் உட்கார்ந்திருக்கும் ஒரு கிழவர். பாதியிலேயே ஒரு மாமா குறட்டை விட ஆரம்பித்தார். கடைசியில்தான் கிழவர் வாய் திறந்தார். அந்த வீட்டுப் பையனும் தானும் ஒன்றாக விளையாடியதாகச் சொன்னார். அவன் பெயரைச் சொல்ல வந்து, சொல்ல முடியாமல் நிறுத்திக்கொண்டார்.

“என்ன இருந்தாலும், பெத்த அப்பாவைப் போய் இப்படி ஊரறியக் கேக்கலாமா?” என்று சமையலறையில் அம்மா முணுமுணுத்தாள். ஆனால் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டுதான் அதைச் சொன்னாள்.

எனக்கோ தலைகால் புரியவில்லை. நானும் படம் எடுத்தே ஆக வேண்டும். வீட்டில் ஹேண்டிகேம் இருந்தது, அப்பாவும் இருந்தார். என்ன கேட்பது என்பதுதான் பாக்கி. அந்த வாரம் எங்கள் ஹாலுக்குப் பெயிண்ட் அடிக்க வந்த கம்பெனி அண்ணன், ஊரில் பிறந்த மகளை இன்னும் பார்க்கவில்லை என்று அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார். “என் பாஸ்போர்ட்டு கம்பெனி ஆபீஸ் அலமாரில கெடக்குதுக்கா, கேட்டா அப்புறம் பாக்கலாம்கிறாங்க.” அந்த அலமாரிச் சாவி அப்பாவிடம்தான் இருந்தது. கேள்வி கிடைத்துவிட்டது.

அப்பா சிரித்துக்கொண்டே சோபாவில் நிமிர்ந்து உட்கார்ந்து, தலையைக்கூட வாரிக்கொண்டார்.

“அப்பா, உங்க ஆபீஸ் அலமாரில இருக்கற பாஸ்போர்ட்லாம் யாரோடது?”

“ஆளுங்களோடதுதான், பாப்பா.”

“அப்புறம் ஏன் உங்ககிட்ட இருக்கு?”

“அது கம்பெனி ரூல், கண்ணு. தொலைஞ்சுடாம அப்பா பத்திரமா வெச்சிருக்கேன்.”

“அவங்க கேட்டா உடனே குடுத்துடுவீங்களா?”

அப்பாவின் சிரிப்பு நின்றது. பதிலுக்காக நான் கேமராவை அசைக்காமல் பிடித்துக்கொண்டிருந்தேன். “போதும்டா, ஆஃப் பண்ணிடு” என்றார் கடைசியில். அதட்டவில்லை. என்னிடம் எதையோ கெஞ்சிக் கேட்பதைப் போல இருந்தது.

அடுத்த மாதம் பெயிண்டர் அண்ணன் லீவில் ஊருக்குப் போனார். அப்பாவே ஏர்போர்ட்டுக்குக் காரில் கொண்டுபோய் விட்டார். மற்றவர்களின் பாஸ்போர்ட்டுகள் அலமாரியில்தான் இருந்தன.

கொஞ்ச நாளில் ஆன்ட்டியின் குடும்பம் ஜெர்மனிக்கே திரும்புவதாக முடிவானது. கிளம்பும் முன் எங்கள் வீட்டில் மத்தியானச் சாப்பாடு. அம்மாவின் ரசத்தை டம்ளரில் ஊற்றிக் குடித்துக்கொண்டிருந்தவரிடம், அப்பா திடீரென்று ஆங்கிலத்தில் கேட்டார்: “அவ்வளவு கேட்ட பிறகும் உங்கள் அப்பாவோடு உட்கார்ந்து சாப்பிட முடிகிறதா?”

ஆன்ட்டி டம்ளரைக் கீழே வைத்தார். அப்பாவைப் பார்த்து, “முடிகிறது” என்றார். “அவர்மேல் பிரியம் போகவில்லை. கேட்பதையும் நான் விடவில்லை.”

அப்பா தலையை ஆட்டிக்கொண்டார். தன் தட்டிலிருந்த அப்பளத்தை எடுத்து என் தட்டில் வைத்தார். ஜெர்மனியில் இருக்கும் யாரோ ஒரு கிழவரைப் பற்றி அப்பாவுக்கு ஏன் இத்தனை கவலை என்று நினைத்தபடியே நான் அதை நொறுக்கித் தின்றேன்.