இடப்பக்கத்துக் குரல்

அமலராணி அன்ரியிடம் எதைக் கேட்டாலும் உடனே பதில் வராது. தலையை இடப்பக்கம் சற்றுச் சாய்ப்பார். ஒரு மூச்சு எடுத்து விடும் நேரம் பேசாமல் இருப்பார். அதன் பிறகுதான் வாய் திறப்பார். தேநீர் வேண்டுமா என்று கேட்டாலும் அப்படித்தான். டென்மார்க்கில் நாங்கள் இருக்கும் ரண்டர்ஸ் நகரத்துச் சூப்பர் மார்க்கெட்டில் காசாளர் பை வேண்டுமா என்று கேட்டாலும் அப்படித்தான். வரிசையில் பின்னால் நிற்பவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து இதைக் கவனித்திருக்கிறேன். எட்டு வயதில் கண்ணாடி முன் நின்று அந்தச் சாய்வைப் பழகியும் பார்த்தேன். கழுத்துச் சுளுக்கு என்று நினைத்து அம்மா எண்ணெய் தடவிவிட்டார்.

மேடையில் ஏறியதும் அந்தச் சிறு பழக்கம் பெரிய விஷயமாகிவிடும். எங்கள் தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு விழா ஒரு பாடசாலையின் விளையாட்டு மண்டபத்தில் நடக்கும். பின்வரிசையில் ரோல்ஸ் விற்பார்கள். பிள்ளைகள் டேனிஷில் கத்திக்கொண்டு கதிரைகளுக்கு நடுவே ஓடுவார்கள். அன்ரி வந்து நின்று தலையைச் சாய்த்தால் போதும், முந்நூறு பேரும் அடங்கிவிடுவார்கள். அடுத்து என்ன சொல்லப்போகிறாரோ என்று மண்டபம் முழுவதும் காத்திருக்கும். அரசி, மருத்துவர், மாமியார், பேய், இரண்டு முறை ஆண் வேடம் என்று தொண்ணூற்று ஒன்றிலிருந்து அவர் நடிக்காத ஆண்டு இல்லை. அடுத்த நாள் காலை ஏழு மணிக்கு, தான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில், அவர் சொல்லில் பிளேயெம்மில், யாரோ ஒருவரைக் குளிப்பாட்டிக்கொண்டிருப்பார்.

எங்கள் குடும்பத்தில் பல்கலைக்கழகம் போன முதல் ஆள் நான். அப்பா இறைச்சித் தொழிற்சாலையில் பொதி கட்டுபவர். நாடகம் படிக்கப்போகிறேன் என்று சொன்னபோது, "அதைப் படிச்சு என்ன வேலைக்குப் போறது?" என்று மட்டும் கேட்டார். எனக்கும் தெரியவில்லை. ஓர்ஹூஸ் பல்கலைக்கழகத்தில் படித்த மூன்றாம் ஆண்டில் அமலராணி அன்ரியின் மௌனத்தைப் பற்றி முப்பத்துநான்கு பக்க ஆய்வு எழுதினேன். இரண்டு மொழிகளுக்கு நடுவில் நிற்கும் உடலின் தயக்கம், நாடு விட்டு வந்தவரின் சொல்லுக்கு முந்திய துயரம் என்றெல்லாம் எழுதினேன். பன்னிரண்டு புள்ளி கிடைத்தது. டென்மார்க்கில் அதற்கு மேல் புள்ளி கிடையாது. அந்தத் தாளை அப்பா வேலையிடத்துக்குக் கொண்டுபோய்க் காட்டினார்.

அந்த மௌனத்தை வேறொருவரும் பார்த்திருக்கிறார். நான்கு பகுதித் தொலைக்காட்சித் தொடர் ஒன்றுக்கு நடிகர்கள் தேடிக்கொண்டிருந்த கிறிஸ்டீன் என்ற இயக்குநர், யாரோ சொல்லி, எங்கள் ஆண்டு விழாவுக்கு வந்திருந்தார். ஒரு சொல்கூடப் புரியாமலேயே இரண்டு மணி நேரம் இருந்துவிட்டு, முடிவில் நேரே மேடைக்குப் பின்னால் போனார். பண்டகசாலை விபத்தில் மகனை இழந்த தாயின் பாத்திரம் அன்ரிக்குக் கிடைத்தது. டேனிஷில் சின்னச் சின்ன வசனங்கள். ஒரே ஓர் இடத்தில் நீண்ட பேச்சு. மகனின் முதலாளி ஆறுதல் சொல்ல வீட்டுக்கு வருகிறான். அந்தத் தாய் அவனோடு டேனிஷில் பேச மறுத்து, மூன்று நிமிடம் தமிழில் பேசுகிறாள். அவனுக்கு எதுவும் புரியாது. பார்ப்பவர்களுக்கு மட்டும் கீழே எழுத்து ஓடும். அந்தப் பேச்சைத் தமிழாக்கும் வேலையை எனக்குக் கொடுத்தார்கள். நாடகம் படித்து எனக்குக் கிடைத்த முதல் வேலை அது.

"ஞாயிற்றுக்கிழமை இரவு எட்டு மணிக்குப் போடுவினம்," என்றார் அன்ரி. "எங்கட பிளேயெம்மில இருக்கிற கிழடுகள் எல்லாம் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு இருந்து பாக்கிற நேரம். இருபத்திநாலு வருஷமா நான் அதுகளைக் குளிப்பாட்டுறன். ஒருத்தருக்கும் நான் தமிழில ஒரு வார்த்தை சொன்னதில்லை. இப்ப மூண்டு நிமிஷம் கேக்கட்டும்."

அந்த மூன்று நிமிடத்துக்காகவே இந்த வேடத்துக்கு ஒத்துக்கொண்டதாகச் சொன்னார்.

மார்ச் மாதத்தில் ஒரு சனிக்கிழமை காலை, ரண்டர்ஸிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்கும் மேலான தூரத்தில் உள்ள ஹோர்சன்ஸ் நகரில் படப்பிடிப்பு. மூடிக்கிடந்த ஒரு தொழிற்சாலைக்குள், காட்சிக்காக ஒரு வீட்டுக் குசினி கட்டியிருந்தார்கள். ஒத்திகை தொடங்கிய உடனேயே குழப்பம் வந்தது. அன்ரி மேசையடியில் கதிரையில் இருந்தபடியே பேச வேண்டும். அவரோ ஒவ்வொரு முறையும் எழும்பி இரண்டு அடி நடந்தார். எங்கள் மேடைகளில் மேலிருந்து வயரில் மைக் தொங்கும். அதன் கீழே வந்து நின்றுதான் வசனம் பேசுவார்கள். இல்லாவிட்டால் பின்வரிசைக்குக் கேட்காது. இங்கே மைக் ஒரு நீண்ட தடியின் நுனியில் இருந்தது. அதைப் பிடித்திருந்தவர், படத்துக்குள் வந்துவிடுமே என்று தடியைத் தள்ளித் தள்ளிப் பிடித்தார். அன்ரி விடாமல் அதன் கீழே போனார். இருவரும் மேசையை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டார்கள்.

"மேனு, இந்த மைக் ஓடுதடி பிள்ளை," என்றார் என்னைப் பார்த்து. "ஒரு இடத்தில நிக்கச் சொல்லு."

எல்லோரும் சிரித்தார்கள், அன்ரியும்தான். அதன் பிறகு கமெரா ஓடியது.

அன்ரி முதலாளியாக நடித்தவரைப் பார்த்தார். தலையை இடப்பக்கம் சாய்த்தார். அந்த மௌனம் வந்தது. ஒலிப்பதிவாளர், விளக்குப் பிடித்தவர், கிறிஸ்டீன் என்று எல்லோரும் மூச்சைப் பிடித்தபடி நின்றார்கள். பத்து விநாடி, இருபது விநாடி. தலை இன்னும் கொஞ்சம் சாய்ந்தது. நாற்பதாவது விநாடியில் கண்ணில் நீர் வந்தது. சொல் வரவில்லை.

மூன்று முறை இப்படியே நடந்தது. கிறிஸ்டீன் அருகே வந்து, மிக அன்பாக, பேச்சை எடுத்துவிடலாம் என்றார். உங்கள் முகமே போதும், அந்தத் தாய் எதுவும் பேசாமல் இருக்கட்டும், நான்கு மணிக்கு இந்த இடத்தை விட்டுப்போக வேண்டும், அதற்குள் முடிவு சொல்லுங்கள் என்றார்.

நான் அன்ரியை வெளியே சந்துபோன்ற ஒழுங்கைக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

"மலர் இல்லை," என்றார்.

"எந்த மலர்?"

"எங்கட தவமலர். அவளெல்லோ எனக்கு வசனம் தாறவள்."

தவமலர் அன்ரியை எல்லோருக்கும் தெரியும். மேடையின் இடப்பக்கத் திரைக்குப் பின்னால் நாடகப் பிரதியோடு நின்று, மறந்தவர்களுக்கு மெல்லிய குரலில் வசனம் எடுத்துக் கொடுப்பவர். அமலராணி அன்ரியோடு ஒரே அகதி முகாமில் ஒரே அறையில் இருந்தவர்.

"உங்களுக்குமோ அன்ரி?"

"எனக்கு மட்டும்தான். மற்ற ஆக்கள் பாடமாக்கிக்கொண்டெல்லோ வருவினம்."

"அப்ப, வசனத்துக்கு முன்னால நீங்கள் பேசாமல் நிப்பியளே, அது?"

"அது அவள் சொல்லுற நேரம். எனக்குக் காதில விழ வேண்டாமே? பிறகு வீட்டிலயும் கடையிலயும் அதே பழக்கமாப் போச்சு."

"அன்ரி, அதைப் பற்றி நான் முப்பத்திநாலு பக்கம் எழுதினனான். பன்னிரண்டு தந்தவை."

"அப்ப ஆறை மலருக்குக் குடு," என்றார். சிரித்துவிட்டு உடனே முகம் வாடினார். "பேச்சை வெட்டப் போயினமடி. முப்பது வருஷமா நான் என்னெண்டு நடிச்சனானெண்டு இப்பதான் எனக்கே தெரியுது. அவள் இல்லாட்டி நான் ஒண்டுமில்லையோ?"

தவமலர் அன்ரியைக் கூப்பிடுவது எளிதான காரியம் அல்ல. அன்று பிற்பகல் இரண்டு மணிக்கு ரண்டர்ஸில் அடுத்த நாடகத்தின் முதல் வாசிப்பு; இங்கே வந்தால் அதற்குப் போக முடியாது. அமலராணி அன்ரி தொலைக்காட்சிக்குப் போனதால், முதல்முறையாக முக்கிய வேடம் தவமலர் அன்ரிக்கு வந்திருந்தது. முதல் வாசிப்புக்கு வராதவருக்குப் பாத்திரம் இல்லை என்பது சங்கத்தின் சட்டம். வேலை, ஓவர்டைம் என்று ஆட்கள் சாட்டுச் சொல்வதைப் பொறுக்க முடியாமல், அந்தச் சட்டத்தைக் கொண்டுவந்தவர் அமலராணி அன்ரிதான்.

ஆனாலும் அமலராணி அன்ரி போனை ஸ்பீக்கரில் போட்டுத் தவமலர் அன்ரியை அழைத்தார்.

"எடி மலர், என்ன செய்யிறாய்?"

"சீலை உடுத்துறன். ஏன் உன்ர குரல் இப்பிடிக் கிடக்கு?"

"எனக்கு வாய் திறக்குதில்லை."

"எத்தினை மணிக்கு வாசிப்பெண்டு உனக்குத் தெரியும்தானே?" என்றார் தவமலர் அன்ரி.

"தெரியும்."

"சட்டம் போட்டது ஆரெண்டும் தெரியும்தானே?"

"ஓம்."

"சாப்பிட்டனியோ?"

"இல்லை."

"விசரி. பேச்சைப் போனில அனுப்பச் சொல்லு. வாறன்."

பிற்பகல் ஒரு மணி ஆகும் முன்பே தவமலர் அன்ரி வந்துவிட்டார். குளிர்க்கோட்டைக் கழற்றியபோது உள்ளே அரக்குப் பட்டுச்சீலை. முக்கிய வேடக்காரியாக வாசிப்புக்குப் போக உடுத்தியது. ரயிலில் இருந்தபடியே என் தமிழாக்கத்தைப் படித்து முடித்திருந்தார்.

"ஆர் பிள்ளை இதை எழுதினது? 'என் மகனின் இழப்பை நீர் ஈடுசெய்ய இயலாது.' பெத்தவள் இப்பிடியோ கதைப்பாள்? கோட்டில வழக்குப் பேசுற மாதிரிக் கிடக்கு."

"நான்தான் அன்ரி."

"பரவாயில்லை. நான் மாத்திப் போட்டன்."

காதுக்குள் ஒரு கருவி வைத்து அதில் சொல்லலாம் என்றார் ஒலிப்பதிவாளர். ஆனால் அது அன்று அவரிடம் இல்லை. மெல்லச் சொன்னாலும் மைக் பிடித்துவிடும். "சத்தம் எதுக்கு? வாயை மட்டும் அசைக்கிறன்," என்றார் தவமலர் அன்ரி. அந்தக் காட்சியில் கமெரா அமலராணி அன்ரியை மட்டும்தான் பார்க்கும். ஆகவே முதலாளியாக நடித்தவரை எழுப்பி, அவருடைய கதிரையில் தவமலர் அன்ரியை இருத்தினார்கள்.

கமெரா ஓடியது. தவமலர் அன்ரியின் உதடுகள் சத்தமில்லாமல் அசைந்தன. ஒரு மூச்சு கழித்து மற்றவரின் குரல் வந்தது. "நீங்கள் பூ கொண்டந்திருக்கிறியள். அதை எங்க வைக்கிறதெண்டு எனக்குத் தெரியேல்லை." நான் எழுதாத வரி. ரயிலில் பிறந்த வரி. ஒருவரின் உதட்டிலிருந்து சொல் காற்றைத் தாண்டிப் போய் இன்னொருவரின் தொண்டையில் உயிர் எடுப்பதை முதல்முறையாக நேரில் பார்த்தேன். இத்தனை ஆண்டுகள் மண்டபத்தில் இருந்து பார்த்தபோது எனக்கு அதில் பாதிதான் தெரிந்திருக்கிறது.

கடைசிப் பகுதியில் தவமலர் அன்ரியால் தாங்க முடியவில்லை. கண்ணீர் வழிந்தது. உதடுகளை இறுக்கி மூடிக்கொண்டார். அசைவே இல்லை. நான் பயந்துபோனேன். ஆனால் குரல் நிற்கவில்லை. "அவன்ர சாப்பாட்டுப் பெட்டியை ஆரும் எடுத்து வந்தவையோ? கழுவியோ கழுவாமலோ, எனக்கு அதைத் தாங்கோ." அதோடு பேச்சு முடிந்தது. கிறிஸ்டீன் நிறுத்தச் சொல்லவே மறந்துபோனார். தமிழ் தெரியாத, மைக் பிடித்திருந்தவர் தடியைக் கீழே இறக்கிவிட்டு முகத்தைத் துடைத்தார்.

அந்தக் கடைசி வரிகளை யார் கொடுத்தது என்று பிறகு இருவரிடமும் கேட்டேன். "அழுகையில நான் நிப்பாட்டிப் போட்டன், அவள் தானாச் சொன்னவள்," என்றார் தவமலர் அன்ரி. "அவள் நிப்பாட்டவே இல்லை. எனக்குக் கேட்டது," என்றார் அமலராணி அன்ரி. இன்னொரு ஆய்வு எழுதச் சொன்னால், இந்த இடத்தில் என்ன எழுதுவதென்று எனக்குத் தெரியாது.

மூன்றரைக்குச் சங்கச் செயலாளர் செல்வரட்ணம் அங்கிள் தவமலர் அன்ரிக்குப் போன் எடுத்தார். வேடத்தை வேறொருவருக்குக் கொடுத்துவிட்டார்களாம். அமலராணி அன்ரி போனைப் பறித்தார்.

"அண்ணை, அந்தச் சட்டத்தை நான்தானே போட்டனான். இப்ப நானே எடுக்கிறன்."

"நீர் போட்டதெண்டாலும் இப்ப அது சங்கத்தின்ர, ராணி. உமக்காக மாத்தினால் நாளைக்கு எல்லாரும் கேப்பினம்."

மாலையில் ஹோர்சன்ஸ் நிலையத்தில் ரயிலுக்கு நின்றபோது அமலராணி அன்ரி தவமலர் அன்ரியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அடுத்த நாடகத்தில நீதான் மேடையில. நான் திரைக்குப் பின்னால நிண்டு உனக்கு வசனம் தருவன். பிள்ளை சாட்சி."

"நீயோ? உனக்கு வாசிக்கிறதுக்குக் கண்ணாடி வேணும், கண்ணாடியை எங்க வைச்சனெண்டு சொல்ல இன்னொரு ஆள் வேணும்."

"தருவன் எண்டால் தருவன். உனக்கு நான் ஒரு மேடை தரவேணுமடி."

தொடர் அடுத்த இலையுதிர் காலத்தில் வந்தது. ஞாயிறு இரவு எட்டு மணிக்கு அந்த மூன்று நிமிடமும் வெட்டப்படாமல் ஓடியது. முதியோர் இல்லத்தில் தொண்ணூற்று மூன்று வயதான பெண் ஒருவர், அடுத்த நாள் குளிக்கும்போது தமிழில் ஏதாவது சொல்லும்படி கேட்டாராம். தண்ணீர் சூடு போதுமா என்று தமிழில் கேட்டதாக அன்ரி சொன்னார். பத்திரிகை ஒன்று அவருடைய மௌனத்தை ஒரு பத்தி முழுக்கப் புகழ்ந்தது. என் ஆய்வில் நான் எழுதியவையே அதிலும் இருந்தன. தொடரின் முடிவில் ஓடிய பெயர்களில் தவமலர் என்ற பெயர் இல்லை.

நவம்பர் இருபத்தொன்றாம் தேதி காலை வேலைக்குப் போகும் பேருந்தில் அமலராணி அன்ரிக்கு மாரடைப்பு வந்தது. மருத்துவமனைக்குப் போகும் வழியிலேயே இறந்துபோனார்.

தை மாதத்தில் சங்கம் கூடியபோது, முக்கிய வேடத்தைத் தவமலர் அன்ரிக்கே கொடுப்பது என்று எல்லோரும் ஒரே குரலில் சொன்னார்கள். செல்வரட்ணம் அங்கிளே எழும்பிச் சொன்னார். தவமலர் அன்ரி மாட்டேன் என்றார். வசனம் எடுத்துக் கொடுக்க நான் நிற்கிறேன், நிலையத்தில் நான்தானே சாட்சி என்றேன்.

"நீ தந்தால் அது நீ தந்தது, பிள்ளை," என்றார். "எனக்குத் தரவேண்டியது அவள்."

இந்த ஆண்டு விழாவில் வேறொருவர் நடித்தார். தவமலர் அன்ரி பிரதியோடு இடப்பக்கத் திரைக்குப் பின்னால் நின்றார். நாடகம் முடிந்து கதிரைகளை அடுக்கும்போது, அடுத்த முறையாவது மேடைக்கு வாருங்கள் என்று மறுபடியும் கேட்டேன். பிரதியைப் பைக்குள் வைத்தபடி சொன்னார்:

"ராணி எனக்கு ஒரு மேடை தரவேணும். இன்னும் தரேல்லை."