சாப்பிட வா ராசா

அவருக்கு நன்றி சொல்வதா, அவரோடு கோபித்துக்கொள்வதா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை.

அவர் கண்டி டவுனில் மிருக வைத்தியர். சிங்களவர். ஒல்லியான ஆள், நரைத்த மீசை. அறைக்குள் வருமுன் வெள்ளைக் கோட்டைக் கழற்றி வெளியே மாட்டிவிடுவார். உள்ளே வந்ததும் நாயின் முகத்தைப் பார்க்காமல் பக்கவாட்டில் திரும்பித் தரையில் உட்கார்ந்துகொள்வார். அதுவாக வந்து மோந்து பார்க்கும்வரை தொடமாட்டார்.

ஹந்தானைத் தோட்டத்திலிருந்து எங்கள் நாய் கறுப்பனைத் தூக்கிக்கொண்டு போனபோது அதன் சிறுநீரகங்கள் முற்றாகப் பழுதாகியிருந்தன. ஊசி போட்டு வேதனையில்லாமல் அனுப்பிவைப்பது ஒன்றுதான் மிச்சம் என்றார். கறுப்பனோ கதிரைக்கு அடியில் பதுங்கி நடுங்கியது. கிட்டப் போன என்னையே கடிக்க வந்தது.

"பயந்தா மருந்தும் சரியா வேலை செய்யாது. பயத்தோட அனுப்பவும் கூடாது," என்றார் டொக்டர், தட்டுத்தடுமாறும் தமிழில். "வீட்டுல யார் சொன்னா கேக்கும்?"

"அப்பா சொன்னாத்தான் டொக்டர். அவரு போன மாசம் தவறிட்டாரு."

"அவர் எப்படிக் கூப்பிடுவார்?"

"'சாப்பிட வா ராசா'ன்னு கூப்பிடுவாரு."

என்னையும் அப்படித்தான் கூப்பிடுவார் என்பதை நான் சொல்லவில்லை.

டொக்டர் அதை வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பழகிக்கொண்டார். பிறகு மெதுவாகக் கூப்பிட்டார்: "சாப்பிட வா ராசா."

கறுப்பன் தவழ்ந்து வெளியே வந்தது. வால் தரையில் தட்டியது. அவர் மடியில் தலையை வைத்துக்கொண்டு வாசலைப் பார்த்தது.

நானும் வாசலைப் பார்த்தேன்.

ஊசி எப்போது ஏறியதென்று எங்கள் இருவருக்குமே தெரியவில்லை.