அரை அங்குலமும் ஒரு நூலும்

துணி ஆல்டர் செய்யும் கடையில் அவளுக்குக் குண்டூசி அக்கா என்று பெயர். எந்நேரமும் உதட்டில் நாலு குண்டூசி இருக்கும். அதனால் பேச்சு குறைவு என்று நினைத்தால் ஏமாந்தீர்கள். ஊசியை எடுத்துவிட்டால் அக்காவின் வாயை யாராலும் அடைக்க முடியாது. தொளதொளப்பைப் பிடிப்பது, இறுக்கத்தைத் தளர்த்துவது, பேன்ட்டைக் குட்டையாக்குவது என்று பதினெட்டு வருடத் தொழில். அவள் கைபட்டுப் போன துணி குறையோடு திரும்பி வந்ததே கிடையாது.

அப்பேர்ப்பட்டவள் சொந்த வீட்டு ஜன்னலுக்குத் தப்பாக அளவு கொடுத்தாள் என்றால் நம்புவீர்களா?

வீட்டுக்காரர் ஆம்புலன்ஸ் ஓட்டுநர், இரவு வேலை. காலை ஏழு மணிக்கு வந்து படுத்தால், குடிவந்த புது வீட்டில் வெயில் நேரே முகத்தில் அறையும். அக்கா இரட்டைத் துணியில் திரை தைத்து மாட்டினாள். வெளிச்சம் நின்றது, காற்றும் சேர்ந்து நின்றது. மனுஷர் வேர்த்து விறுவிறுத்து எழுந்து உட்கார்ந்தார். இப்படியே இரண்டு மாதம். போன வாரம் சிக்னலில் வண்டியை நிறுத்தியவர், ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே கண் அயர்ந்துவிட்டார். கூட இருந்த நர்ஸ்தான் தோளை உலுக்கி எழுப்பினாராம். "ஒரு வாரம் பார்ப்போம், சரியாகலைன்னா சாவியைக் குடுத்துடுங்க" என்று ஆபீசில் சொல்லிவிட்டார்கள். அந்த வண்டியை ஓட்டாவிட்டால் அவர் அவராகவே இருக்க மாட்டார் என்று அக்காவுக்குத் தெரியும்.

காற்று வரவேண்டும், வெயில் வரக்கூடாது. அதற்கு பட்டை பட்டையான மெல்லிய மரத்தகடுகளைக் கயிற்றில் கோத்த பிளைண்ட்ஸ்தான் சரி என்று அளவு கொடுத்துச் செய்யச் சொன்னாள். வந்ததை மாட்டிப் பார்த்தால் ஜன்னல் சட்டத்துக்குள் நுழையவே இல்லை. ஜன்னல் முப்பத்தாறு அங்குலம், பிளைண்ட்ஸ் முப்பத்தேழு. பிளைண்ட்ஸ் கடைக்காரர் அவள் எழுதிக் கொடுத்த சீட்டையே எடுத்து நீட்டினார். முப்பத்தேழு என்று அவள் கையெழுத்து சிரித்தது.

அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். மடித்துத் தைக்கப் பக்கத்துக்கு அரை அங்குலம்! கை தன் பாட்டுக்குச் சேர்த்து எழுதியிருக்கிறது. மரத்தை எந்த மெஷினில் மடித்துத் தைப்பாள்?

வேறொருத்தியாக இருந்தால் கடைக்காரரோடு மல்லுக்கு நின்றிருப்பாள். இவள், "தப்பு என்னோடதுங்க" என்று சொல்லிவிட்டு, பிளைண்ட்ஸைத் தோளில் தூக்கிக்கொண்டு தன் கடைக்கு வந்தாள்.

பக்கத்துக் கடைச் சாவிக்காரர் எட்டிப் பார்த்தார்.

"என்னக்கா, ஜன்னலுக்கும் பேன்ட் தைக்கிறீங்களா?"

"ஆமாண்ணே, இடுப்பு பெருசாப் போச்சு. உங்க ரம்பத்தைக் குடுங்க."

"ஒரு பக்கமா ஒரு அங்குலம் நறுக்கிடுங்க, சட்டுனு முடிஞ்சிரும்."

"அப்ப கயிறெல்லாம் ஒரு பக்கமா ஒதுங்கி, தூக்கும்போது கோணிக்கும். ஒரு காலை மட்டும் வெட்டின பேன்ட்டை நீங்க போட்டுக்குவீங்களா?"

சாவிக்காரர் சிரித்துக்கொண்டே ரம்பத்தை எடுத்துக் கொடுத்தார்.

அன்று கடைக்கு அரைநாள் லீவு. ஜன்னலை மேலே, நடுவே, கீழே என்று மூன்று இடத்தில் மறுபடி அளந்து வந்திருந்தாள். சட்டத்தில் உரசாமலிருக்க ஒரு நூல், அதாவது அரைக்கால் அங்குலம், கூட விட்டு, பக்கத்துக்கு அரை அங்குலமும் ஒரு நூலும் வெட்டவேண்டும் என்று கணக்கு. பட்டைகளை நெருக்கி அடுக்கி, துணிக்கீற்றால் இறுகக் கட்டினாள். ஓரம் சிலும்பாமலிருக்கச் சுற்றி டேப் ஒட்டி, சாக்பீஸால் கோடு போட்டாள். பிறகு அறுக்க ஆரம்பித்தாள் பாருங்கள், அந்தப் பொறுமை யாருக்கு வரும்! பத்து இழுப்புக்கு ஒருமுறை நிறுத்துவாள், கோட்டைப் பார்ப்பாள், மறுபடி இழுப்பாள். கத்தரி பிடித்துக் காய்த்த கைதான், ஆனாலும் உள்ளங்கையில் இரண்டு கொப்புளம். ஒரு முனை முடிந்து மறுமுனைக்குப் போகும்போது கோட்டை இன்னொரு முறை அளந்து பார்த்தாள். கூடுதலாகப் போனால் ஒட்டுப்போட வழியில்லை. பட்டைகளைத் தாங்கும் மேல் தகரப் பெட்டியை மட்டும் சாவிக்காரரே அவள் போட்ட கோட்டில் இரண்டு முனையும் வெட்டிக் கொடுத்தார். "அக்கா, நீங்க ஆளு லேசுப்பட்டவங்க இல்ல" என்று மனசாரச் சொன்னார்.

வீட்டுக்காரர் வேலைக்குக் கிளம்புவதற்குள் மாட்டியாயிற்று. அளவெடுத்துத் தைத்த சட்டையாய்ப் போய் உட்கார்ந்தது.

மறுநாள் காலை அவர் வந்து படுத்தார். அக்கா பட்டைகளைச் சாய்த்துவிட்டு, கதவை ஒருக்களித்து, மெஷின் சத்தம் கேட்குமே என்று கையால் தைக்கும் வேலையை மடியில் வைத்துக்கொண்டு வெளியே உட்கார்ந்தாள். முக்கால் மணி நேரம் போனது. கட்டில் கிறீச்சிடும், எழுந்துவிடுவார் என்று உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருந்தாள். உள்ளிருந்து குறட்டை கிளம்பியது. கல்யாணமான நாளிலிருந்து அவள் திட்டித் தீர்த்த அதே குறட்டை. அக்கா ஊசியைக் கீழே வைத்துவிட்டு, கதவோரம் நின்று, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். அவ்வளவு சந்தோஷம்.

சாயங்காலம் அவர் எழுந்து குளித்து, சீருடை மாட்டி, தெம்பாக வந்து நின்றார். அவள் முகத்தைப் பார்த்துத் திடுக்கிட்டார்.

"ஏன் கண்ணெல்லாம் இப்படிச் செவந்திருக்கு? நீ தூங்கலையா?"

"ஆமா, உங்க குறட்டையில யாரு தூங்குறது?" என்றாள் அக்கா.