கமாவோடு கேட்ட வார்த்தைகள்

என் தங்கை வென்றவற்றை முதலில் வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். ஏழு வயதில் இருபத்திரண்டு நாள் இறங்காத காய்ச்சல். வெட்டு மெஷின் இடது சுட்டுவிரலின் நுனியை எடுத்துக்கொண்ட பிறகும் குறையாத தையல் வேகம். சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்ட கணவர். ஒற்றை அறையில் தனியாக வளர்த்து நர்ஸ் ஆக்கிய மகள். பதினோரு பெண்கள் உட்காரும் தையல் மேசையில் ஜன்னலோர இடம். இந்தக் கடைசி ஒன்றுக்குத்தான் அதிக வருஷம் பிடித்தது.

இதில் பெரும்பாலானவற்றை அவள் ஓர் எழுத்தும் தெரியாமல் செய்தாள். வீட்டில் ஒருத்தியைத்தான் பள்ளிக்கு அனுப்ப முடிந்தது. மூத்தவள் என்று நான் போனேன், ஐந்தாம் வகுப்பு வரை. கைக்குழந்தையாக இருந்த தம்பியைத் தூக்கிக்கொண்டு அவள் வாசலில் நின்றாள்.

இருவருமே ஓர் அச்சகத்தின் பைண்டிங் பகுதியில் வேலைக்குச் சேர்ந்தோம். நான் பசை மேசை, அவள் தையல் மேசை. எல்லோரும் அவளை ‘ஊசி’ என்றுதான் கூப்பிடுவார்கள். அவள் முதுகுக்குப் பின்னால் ஒரு பலகைத் தடுப்பு. தடுப்புக்கு அந்தப் பக்கம் புரூஃப் அறை. அங்கே ஒருவர் கையெழுத்துப் பிரதியைப் பார்த்துச் சத்தமாகப் படிப்பார், இன்னொருவர் அச்சான தாளில் சரிபார்ப்பார். படிக்கிறவர் கமா, முற்றுப்புள்ளி, கேள்விக்குறி எல்லாவற்றையும் வாய்விட்டுச் சொல்லியாக வேண்டும். அப்படிச் சத்தமாகப் படிக்கிறவள் எங்களைவிட இளையவள். ஒரு நாளும் பாடம் நடத்தியதில்லை என்றாலும் அவளுக்கு ‘டீச்சர்’ என்று பெயர்.

மதியம் மூன்று மணிக்கு மேல் ஜன்னல் வெயில் சாய்ந்து விழும். காகிதத் தூசி அதில் எழும்பி, இறங்க மனமில்லாமல் மிதந்துகொண்டிருக்கும். ஊசி போகும், வரும், நூல் இழுபடும். தடுப்புக்கு அப்பாலிருந்து அந்தக் குரல் ஒரே சீராக வரும். எங்களுக்கு அது மின்விசிறிச் சத்தம் மாதிரி. என் தங்கைக்கு அப்படி இல்லை. அவள் கை இங்கே இருக்கும், முகம் எங்கோ ஓர் ஆற்றங்கரையில் இருப்பது போல இருக்கும்.

அந்த வருஷங்களில் பல தேசத்து அறிஞர்களின் சொற்களைத் தொகுத்து ஒரு பெரிய புத்தகம் அச்சாகிக்கொண்டிருந்தது. அவர்களின் பெயர்கள் அவள் வாயில் நுழையவில்லை. அதனால் உறவுப் பெயர் வைத்துக்கொண்டாள். சிறையில் இருந்தவர் ‘சிறை மாமா’, படகு ஓட்டியவர் ‘படகு அண்ணன்’. “அக்கா, நேத்து சிறை மாமா ஒண்ணு சொன்னாரு பாரு” என்று ஆரம்பிப்பாள், பக்கத்துத் தெருவில் பார்த்துவிட்டு வந்தவள் போல. நானே படித்துக் காட்டுகிறேன் என்று ஒருமுறை சொன்னேன்.

“நீ படிச்சா ஒவ்வொரு வார்த்தைக்கும் ஒரு காபி குடிச்சிட்டு வரலாம்” என்றாள்.

கணவர் விட்டுப்போன மாதம் அவள் அழுது நான் பார்க்கவில்லை. துணி துவைக்கும்போது ஒன்றை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள்: “காற்று உன் கூரையைக் கொண்டுபோகலாம் கமா நீ நிற்கும் இடத்தைக் கொண்டுபோகாது முற்றுப்புள்ளி.” கேட்டபடியே மனதில் ஏறியதால் கமாவைக் கழற்ற அவளுக்குத் தெரியவில்லை. மகள் வெகு நாள்வரை கமா என்பவர் அம்மாவுக்குத் துணைக்கு வரும் ஆள் என்றே நினைத்திருந்தாள்.

மகள் நர்ஸ் படிப்பில் இரண்டாம் வருஷம் இருந்தபோது அந்த விஷயம் நடந்தது. அறிஞர்கள் புத்தகத்தின் இரண்டாம் பதிப்பில் அறுநூறு பிரதிகள் திரும்பி வந்தன. உள்ளே பக்கங்கள் இடம் மாறியிருந்தன. தைத்தது என் தங்கை. மேலாளர் ஒரு தாளோடும் மைப்பெட்டியோடும் அவளிடம் வந்தார்.

“ஒண்ணும் இல்லம்மா, விசாரிச்சோம்னு ஒரு பேப்பர். ஒரு கைநாட்டு வெச்சிரு, நான் கிளம்பணும்.”

நான் பத்தடி தள்ளி, முழங்கை வரை பசையோடு நின்றேன். அந்த வேலை போனால் அவளுக்கு அறை இல்லை, மகளுக்குப் படிப்பு இல்லை. அவள் கட்டைவிரல் மையைத் தொடப் போய், மேலேயே நின்றது. கண் பாதி மூடியிருந்தது. உதடு அசைந்தது. என்ன சொன்னாய் என்று பிறகு கேட்டேன். “உன்னை விரட்டுகிறவரிடம் முதலில் நேரம் கேள் முற்றுப்புள்ளி.” படகு அண்ணன் சொன்னதாம்.

“அஞ்சு நிமிஷம் குடுங்க சார்” என்றாள். பிறகு தடுப்பைத் தட்டினாள். “டீச்சர், இதை நீங்க எப்பவும் படிக்கிற மாதிரியே படிங்க. புள்ளியைக்கூட விட வேணாம்.”

டீச்சர் வந்து தாளை வாங்கி, அதே சீரான குரலில் படித்தாள். “இத்தவறு முழுவதும் என் கவனக்குறைவால் நேர்ந்தது கமா ஆகவே என் சொந்த விருப்பத்தின்பேரில் வேலையிலிருந்து விலகிக்கொள்கிறேன் முற்றுப்புள்ளி.” மேசையில் மற்ற பத்து ஊசிகளும் நின்றுவிட்டன.

“என் விருப்பத்தை எங்கிட்ட யாரும் கேக்கலையே சார்” என்றாள் என் தங்கை.

தைக்கிறவள் கண்ணில் படுவது மடித்த தாள்கட்டின் முதுகில் இருக்கும் கறுப்புக் குறியும், நூல் ஓடும் நடுப்பக்கமும்தான். அவை இரண்டும் சரியாகவே இருந்தன. அவள் எழுந்து, சுவரோரம் மீந்து கிடந்த அடுக்கிலிருந்து அதே புத்தகத்தின் மடிக்காத பெரிய தாள் ஒன்றை உருவினாள். மேசையில் விரித்து மூன்று முறை மடித்தாள். மேல் விளிம்பையும் ஓரத்தையும் கத்தியால் பிரித்து டீச்சரிடம் நீட்டினாள். டீச்சர் பக்க எண்களைப் படித்தாள். முப்பத்து மூன்று. முப்பத்தெட்டு. முப்பத்தைந்து. முப்பத்தாறு. முப்பத்தேழு. முப்பத்து நான்கு.

“வெளிச்சத்துல பிடிச்சுப் பாருங்க சார். இதுல என் ஊசி பட்ட ஓட்டை ஒண்ணாவது இருக்கா?”

மேலாளர் நிஜமாகவே அதை ஜன்னலுக்கு நேராகப் பிடித்துப் பார்த்தார். அச்சு மெஷினுக்குப் போகும் முன்பே பக்கங்கள் மாறி அடுக்கப்பட்டிருந்தன. விலகல் தாளை நாலாக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு போனார். மன்னிப்பு ஒன்றும் கேட்கவில்லை. அவள் உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து தைத்தாள்.

மறுவாரம் முதலாளி ஒரு புது வழக்கம் கொண்டுவந்தார். எந்தப் புத்தகமானாலும், தையலுக்கு முன் ஒரு தாளை மடித்துப் பார்க்க வேண்டும். பார்த்தவர் சீட்டில் ஒப்பமிட வேண்டும். பார்க்கிற வேலை என் தங்கைக்கு. எண்கள் அவளுக்குத் தெரியும், அது போதும் என்றார். குமாஸ்தா பழக்கத்தில் மைப்பெட்டியைத் திறந்தார். அவள் மூடிவிட்டாள்.

“பேரா எழுதுறேன். பத்து நாள் போகட்டும்.”

அந்தப் பத்து நாளும் அவள் பேனாவைத் தொடவில்லை. நான் எழுதிக் கொடுத்த பெயரைப் பார்த்துப் பார்த்து, மடிப்பு தேய்க்கும் எலும்புத் தகட்டின் முனையால் கழிவுத்தாளில் அழுத்தி வரைவாள். மை இல்லாத எழுத்து. நேராகப் பார்த்தால் வெறும் வெள்ளைத்தாள். சாய்வெயிலில் பிடித்தால் அவள் பெயர் மெல்ல மேலெழும், திரும்பத் திரும்ப, நூறு தடவை. வலமும் இடமும் தோன்றி மறையும் அதைப் பார்த்துக்கொண்டே வேலை முடிந்த பிறகும் உட்கார்ந்திருப்பாள்.

பதினோராம் நாள் சீட்டு வந்தது. தாளை மடித்தாள், எண்களைப் பார்த்தாள், குமாஸ்தாவின் பேனாவை வாங்கினாள். நான் கையைத் துடைத்துக்கொண்டு அருகில் போய் நின்றேன். கடைசி எழுத்து கோட்டைத் தாண்டிப் போயிற்று. முடிந்ததும், யாருக்கும் கேட்காத குரலில் “முற்றுப்புள்ளி” என்று சொல்லி ஒன்றை வைத்தாள். பக்கத்தில் தேதியை நான் குறித்தேன்: 1996 மார்ச் 12, செவ்வாய்க்கிழமை.