நாற்பத்தொரு பெயர்கள்

நான் வேலை பார்க்கும் பள்ளியில் கணக்கு சார் என்றால் ஒருவர்தான். இன்னும் இரண்டு பேர் கணக்கு எடுத்தார்கள், ஆனால் அந்தப் பட்டம் அவர்களுக்கு ஒட்டவில்லை. அவர் வெறுங்கையால் போடும் வட்டம் காம்பஸ் வைத்துப் போட்டதுபோல் இருக்கும். பேச்சுதான் திக்கும். அதை நான் இங்கே எழுதிக் காட்டப் போவதில்லை. செய்துகாட்டிச் சிரிக்க ஆசிரியர் அறையில் போதுமான ஆட்கள் இருந்தார்கள்.

சிரித்தவர்களை அவர் சுலபமாகச் சமாளித்தார். எங்களைப் போன்ற நல்லவர்களிடம் மாட்டிக்கொண்டுதான் முழித்தார். ஒரு சொல்லில் அவர் நின்றால் போதும், மீதியை நாங்கள் முடித்துவைப்போம். கேன்டீனில் அவர் வாயைத் திறந்ததும் நான் முந்திக்கொண்டு, சாருக்கு ஒரு டீ என்பேன். மனிதர் காபி கேட்க வந்திருக்கிறார் என்று தெரிய எனக்கு நான்கு வருடம் ஆயிற்று. அதுவரை அந்த டீயை நன்றி சொல்லிக் குடித்திருக்கிறார். அவர் குணம் அப்படி, என் வாய் அப்படி.

ஒருநாள் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தபோது அவர் மனதில் இருந்ததைச் சொன்னார். அன்று எனக்குத் தொண்டை கட்டியிருந்தது. அதனால்தான் அவரால் சொல்லி முடிக்க முடிந்தது.

வேலையில் சேர்ந்த முதல் நாள் வருகைப் பதிவேட்டைத் திறந்து முதல் பெயரிலேயே நின்றிருக்கிறார். அந்த வழியாகப் போன தலைமை ஆசிரியை உள்ளே வந்து, பதிவேட்டை வாங்கி, எல்லாப் பெயரையும் கடகடவென்று தானே படித்துவிட்டார். மறுநாளிலிருந்து வகுப்புத் தலைவி பெயர் கூப்பிடுவாள், அவர் கையெழுத்துப் போடுவார். அந்த அம்மாள் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. பத்து வருடமாக சார், பள்ளியின் கடைசி வகுப்பில் ஒரு பிரிவுக்கு வகுப்பாசிரியர். பாடம் நடத்துகிறார், பிள்ளைகள் பொறுமையாகக் கேட்கிறார்கள். பெயர் கூப்பிடுவது மட்டும் அவருக்கு இல்லை.

“தினமும் வீட்ல சொல்லிப் பாக்குறேன் டீச்சர். நாப்பத்தொரு பேரும் வருது. மெதுவா வருது, அவ்வளவுதான்.”

எங்கள் பள்ளியில் ஒரு வழக்கம் உண்டு. படிப்பை முடித்துப் போகிறவர்களின் கடைசி நாளில் வகுப்பாசிரியர் மேடையேறி வருகை எடுப்பார். பெயர் கேட்டதும் பிள்ளை எழுந்து, உள்ளேன் ஐயா என்று சொல்லிவிட்டு மண்டபத்தை விட்டு நடந்துபோகும். அதோடு பள்ளி வாழ்க்கை முடிந்தது. கணக்கு சாரின் வகுப்புக்கு மட்டும் தலைமை ஆசிரியை படிப்பார். இவர் பக்கத்தில் சிரித்தபடி நிற்பார். அந்தச் சிரிப்பைப் பத்து வருடம் பார்த்தும் எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது.

இந்த வருடம், கடைசி நாளுக்கு முந்தின நாள், அவர் தலைமை ஆசிரியையின் அறைக்குப் போனார். என்னையும் கூட வரச் சொன்னார், பேசக் கூடாது என்ற நிபந்தனையோடு. தானே வருகை எடுக்க வேண்டும் என்று ஆரம்பித்தார். பாதியில் அந்த அம்மாள், உங்களுக்கு எதற்கு சார் சிரமம் என்று கனிவோடு குறுக்கிட்டார். சார் கையை உயர்த்தினார்.

“நான் முடிச்சுக்கிறேன், மேடம். சிரமம் எனக்கு இல்ல. காத்திருக்கிறவங்களுக்குத்தான். நாளைக்கு ஒருநாள் காத்திருங்க.”

அவர் அதைச் சொல்லி முடிக்க வெகுநேரம் ஆயிற்று. அம்மாள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, சரி என்றார்.

மறுநாள் மேடையில் அவர் தனியாக நின்றார். முதல் பெயருக்கே பின்வரிசைப் பெற்றோர்கள் நெளிந்தார்கள். பெயர்கள் ஒவ்வொன்றாக வந்தன, பிள்ளைகள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். பதினேழாவது பெயரில் நின்றுவிட்டார். உதடு அசைகிறது, குரல் வரவில்லை. பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. முன்வரிசையில் இருந்த தலைமை ஆசிரியை பழக்கதோஷத்தில் அந்தப் பெயரைச் சத்தமாகச் சொல்லிவிட்டார்.

பதினேழாம் எண்காரி எழவில்லை. யாரையோ கூப்பிட்டதுபோல் உட்கார்ந்திருந்தாள். கண் மட்டும் மேடைமேல் இருந்தது. சார் மூச்சை இழுத்து, அதே பெயரை முதலிலிருந்து தொடங்கி முடித்தார். அதன் பிறகுதான் எழுந்தாள். உள்ளேன் ஐயா என்றாள்.

நாற்பத்தொன்றாவது பிள்ளையும் போனபின் அவர் பதிவேட்டை மூடாமல் நின்றுகொண்டே இருந்தார். நான் மேடையேறிப் பக்கத்தில் போனேன். சந்தோஷத்தில் நிற்கிறார் என்றுதான் நினைத்தேன்.

“முன்னாடி போன பத்து வருஷத்துப் பிள்ளைங்க...” என்று சொல்லி நின்றார். மீதி எனக்குத் தெரியும். நாக்கைக் கடித்துக்கொண்டு நின்றேன். மண்டபத்தில் விளக்குகளை அணைக்கத் தொடங்கினார்கள்.

“ஒருத்தர் பேரைக்கூட நான் கூப்பிட்டதில்ல, டீச்சர்” என்று முடித்தார்.