ஒற்றனுக்குத் தேவைப்பட்ட கல்

என் அத்தைக்குக் கம்ப்யூட்டர் தெரியும் என்பதை அப்பா பார்ப்பவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. அத்தை அப்பாவின் கடைசித் தங்கை. எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரிப் படியேறியவள். அப்பா கணபதியில் ஒரு பம்புசெட் பட்டறையில் லேத் ஓட்டினார். தோட்ட வேலையை விட்டுக் கோயமுத்தூருக்கு வந்தவர்களில் அவர்தான் எங்கள் சனத்தில் முதல் ஆள். அத்தை எங்கள் வீட்டிலேயே தங்கி, காந்திபுரத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் பாடம் சொல்லிக் கொடுத்தாள். ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் வேதக்கோயில் வாசலில் நிற்கிற யாரிடமாவது அப்பா பேச்சைக் கம்ப்யூட்டரில் கொண்டுவந்து முடிப்பார். அதை அவர் பார்த்தது இல்லை.

பார்த்தவள் நான். அப்போது நான்காம் வகுப்பு. சனிக்கிழமை மதியம் அம்மாவுக்கு மில்லில் ஷிப்ட் இருந்ததால் அத்தை என்னையும் சென்டருக்குக் கூட்டிப் போவாள். செருப்பை வெளியே விட்டுவிட்டுக் குளிரூட்டிய அறைக்குள் போக வேண்டும். கடைசி மேசையில் யாருக்கும் வேண்டாத பழைய கம்ப்யூட்டர் ஒன்று இருந்தது. அதில் என்னை உட்கார வைத்து, ஒரு பிளாப்பித் தகட்டைச் செருகி, அத்தை அந்த விளையாட்டைப் போட்டுக் கொடுத்தாள்.

விளையாட்டின் பெயர் எனக்கு அன்றும் தெரியாது, இன்றும் தெரியாது. நான் தமிழ் மீடியம். திரையில் ஆங்கிலத்தில் ஓடிய எதுவும் எனக்குப் புரியவில்லை. அத்தை சொல்லிப் புரிந்தது இவ்வளவுதான். தொப்பி வைத்த ஓர் ஒற்றன் ஒரு தீவில் இறங்கியிருக்கிறான். அங்கே ஒரு பெரிய தொழிற்சாலை. அதற்குள் விஞ்ஞானியான ஒரு பெண்ணைப் பூட்டி வைத்திருக்கிறார்கள். அவளை மீட்டுப் படகில் ஏற்றிக்கொண்டு போக வேண்டும். ஒற்றனிடம் துப்பாக்கி கிடையாது. வழியில் கிடைப்பதைப் பொறுக்கிப் பைக்குள் போட்டு, பட்டறை மேசைக்குப் போய், மூன்று மூன்றாகச் சேர்த்து வேண்டியதைச் செய்துகொள்ள வேண்டும். கம்பியும் பேட்டரியும் லென்சும் சேர்ந்தால் கேமரா. ஸ்பிரிங்கும் தகடும் எண்ணெயும் சேர்ந்தால் கள்ளச்சாவி. தப்பாகச் சேர்த்தால் மூன்றும் புகைந்து போகும். எதோடு எதைச் சேர்க்கலாம் என்று ஒரு நோட்டில் அத்தை தமிழில் எழுதிக் கொடுத்திருந்தாள். வேதாகமத்துக்கு அடுத்தபடியாக நான் பத்திரமாக வைத்திருந்த புத்தகம் அது.

படகைக் கூப்பிட ஒரு டிரான்ஸ்மிட்டர் வேண்டும். கம்பியும் பேட்டரியும் என்னிடம் வேண்டிய மட்டும் இருந்தன. மூன்றாவதாக ஒரு கல் வேண்டும். குவார்ட்ஸ் என்று பெயர். தீவு முழுக்க மூன்றே மூன்று இடத்தில்தான் அது இருக்கிறது என்றாள் அத்தை. எந்த இடம் என்று அவளுக்கும் தெரியவில்லை. நான் கண்ட கல்லையெல்லாம் பொறுக்கிப் பையை நிரப்பினேன். ஒன்றுகூட அதுவல்ல. எங்கள் கம்ப்யூட்டர் கறுப்பு வெள்ளை. அதில் எல்லாக் கல்லும் ஒரே சாம்பல் நிறம்.

இதற்கு வழி சொன்னவர் எதிர்ச்சாரியில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் கடை வைத்திருந்த அண்ணன். சென்டரில் மெஷின் மக்கர் செய்தால் வந்து பார்ப்பவரும் அவர்தான். குனிந்தபடியே பேசுவார், ஒன்பது வயதுப் பெண்ணான என்னைக்கூட வாங்க போங்க என்பார். அவருடைய கடையில் கலர் கம்ப்யூட்டர் இருந்தது. குவார்ட்ஸ் கல் லேசான ரோஸ் நிறம், கலரில் பார்த்தால்தான் கண்டுபிடிக்க முடியும் என்று ஒருநாள் சொன்னார். அது முதல் சனிக்கிழமைதோறும் அத்தை பிளாப்பியை என் கையில் கொடுத்து, "அந்த அண்ணன்கிட்டக் குடுத்து வெளையாடிட்டு வா கண்ணு" என்று அனுப்புவாள். நான் ரோட்டைத் தாண்டிப் போவேன். விளையாடிவிட்டு எழும்போது அண்ணன் பிளாப்பியை வாங்கி ஏதோ தட்டித் திருப்பிக் கொடுப்பார். நான் விட்ட இடத்தைப் பத்திரப்படுத்துகிறார் என்று நினைத்தேன். அத்தையும் வாங்கியவுடன் முதல் வேலையாக அதைத் தன் மெஷினில் போட்டுப் பார்ப்பாள். என் ஆட்டத்தில் அவளுக்கு இத்தனை அக்கறையா என்று எனக்குப் பெருமையாக இருக்கும்.

மூன்றாவது வாரம் கல் கிடைத்தது. காவல்காரர்களின் கேப்டன் அறையில் உடைந்த ஒரு வயர்லெஸ் பெட்டி கிடந்தது. திருப்புளியால் அதைக் கழற்றினால் உள்ளே ரோஸ் நிறத்தில் மினுக்கென்று ஒன்று. கடையில் பத்திரிகைக்குப் புரூஃப் பார்க்க வந்தவர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்குக் கத்திவிட்டேன். அண்ணனுக்கும் சந்தோஷம். "அவசரப்பட்டு எதோடயும் சேர்த்தராதீங்க அம்மணி. மொதல்ல அந்த விஞ்ஞானியம்மாவைக் கண்டுபுடிச்சுட்டு அப்பறமா டிரான்ஸ்மிட்டர் செய்யலாம். காவக்காரங்க ஷிப்ட் மாறுற நேரம், விடியக்காலம் அஞ்சு மணி. அப்பத்தான் கெளம்போணும்" என்றார்.

அடுத்த சனிக்கிழமை பிளாப்பியைப் போட்டால் கல்லைக் காணோம். ஒற்றன் பழையபடி கடற்கரையில் நின்றான். பையில் ஸ்பிரிங்குகள் மட்டும். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அண்ணன் திரையைப் பார்த்தார், பிளாப்பியை எடுத்துப் பார்த்தார், காது சிவந்துபோனது. "எடம் பத்தலைன்னு பழசு ஒண்ணை அழிச்சேனுங்க. தப்பா உங்களுத அழிச்சுப்போட்டேனாட்ட இருக்குது" என்றார். அதில் என் ஒற்றனைத் தவிர வேறு யார் இருக்கிறார்கள், எதற்கு இடம் பற்றவில்லை என்று கேட்டேன். அவர் எழுந்து வெளியே போனார். பக்கத்து பேக்கரியிலிருந்து தேங்காய் பன் வாங்கி வந்து கொடுத்தார். என் துக்கத்துக்குப் பன் போதவில்லை. குவார்ட்ஸ் என்றால் நிஜத்தில் என்ன என்று கேட்டேன். அது ஒரு கல்தான், கடிகாரத்துக்குள்கூட இருக்கும் என்றார். கேட்டதும் என் அழுகை நின்றது.

எங்கள் வீட்டுச் சுவர்க் கடிகாரத்தில் முள்ளுக்குக் கீழே சின்ன எழுத்தில் அந்தச் சொல்தான் எழுதியிருந்தது. கம்ப்யூட்டரில் பிளாப்பியைச் செருக ஒரு வாய் இருக்கிறது. தகடு போகிற வாயில் கல் போகாதா? அப்படித்தான் என் கணக்கு ஓடியது.

மறுநாள் ஞாயிறு. கோயில் முடிந்து அத்தை அங்கேயே பாடகர் குழுப் பயிற்சிக்கு நின்றுவிட்டாள். அம்மா சமையலில் இருந்தாள். நாற்காலி போட்டுக் கடிகாரத்தை இறக்கி, அப்பாவின் திருப்புளியால் ஒன்றுவிடாமல் கழற்றினேன். பல் சக்கரங்கள், சுருட்டிய செப்புக் கம்பி, தகரக் குப்பி போல் சிறிதாக ஒன்று. கல்லைக் காணோம். அப்பா வந்து நின்றபோது கடிகாரம் தரையில் பரவிக் கிடந்தது.

அப்பா அடிக்கிறவர் இல்லை. குத்தவைத்து உட்கார்ந்து, "என்ன கண்ணு தேடறே?" என்றார். குவார்ட்ஸ் என்றேன். எதற்கு என்றார். இருந்ததை அண்ணன் அழித்துவிட்டார் என்றேன். எந்த அண்ணன் என்றார். அந்தக் கேள்வி வரைக்கும் அவர் கை சக்கரங்களைப் பொறுக்கிக்கொண்டுதான் இருந்தது.

"எதுத்தாப்பல பத்திரிகை அடிக்கற அண்ணனுங்கப்பா. அத்தை அவங்ககிட்ட பிளாப்பி குடுத்துடுவாங்க. நம்ம ஊருதானாமுங்க. அவங்க தோப்புலதான் தாத்தா தேங்கா உரிச்சாங்களாம். அவங்களே சொன்னாங்க."

அப்பாவின் கை நின்றுவிட்டது. பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்த அந்த ஊரை எங்கள் வீட்டில் ஊர் என்று மட்டும்தான் சொல்வார்கள். பிளாப்பி எங்கே என்று கேட்டார். என் பள்ளிக்கூடப் பையில்தான் இருந்தது. எடுத்துக் கொடுத்தேன். அப்பா அதை ஜன்னலுக்குக் கொண்டுபோய் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். தகட்டு மூடியை நகத்தால் நகர்த்தி, உள்ளே தெரிந்த பழுப்பு நிறத்தை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பிப் பார்த்தார். அதில் எழுத்து எதுவும் தெரியாது என்று சொல்ல எனக்குத் தயக்கமாக இருந்தது.

"அந்தண்ணன் என்ன பண்ணலாம்னு சொன்னாரு?"

"கல்லுக் கெடைச்சா டிரான்ஸ்மிட்டர் செஞ்சு படகைக் கூப்பிட்டறலாமுங்கப்பா."

"படகு எதுக்கு?"

"தப்பிச்சுப் போறதுக்குங்க. அங்க ஒருத்தங்களை வெளியவே உடாமப் பூட்டி வெச்சிருக்கறாங்க. அவங்களைக் கூட்டிட்டுப் போகோணும்."

"பொம்பளையா?"

"ஆமாங்கப்பா. நெறையப் படிச்சவங்க."

அப்பா நாற்காலியில் உட்கார்ந்தார். "எப்பப் போறதாச் சொன்னாரு?"

"விடியக்காலம் அஞ்சு மணிக்குங்க. காவக்காரங்க ஷிப்ட் மாறுற நேரம்."

அப்பா முதல் ஷிப்டுக்குச் சைக்கிளை எடுத்துக்கொண்டு வீட்டைவிட்டுக் கிளம்புவதும் ஐந்து மணிக்குத்தான். அது அவர் நினைவுக்கு வந்தது, எனக்கு வரவில்லை. விளையாட்டு என்ற சொல்லை நான் ஒரு தடவையாவது சொன்னேனா என்று எத்தனையோ முறை யோசித்துப் பார்த்திருக்கிறேன். சொன்னதாக நினைவில்லை. எனக்கு அது விளையாட்டாகவும் இருக்கவில்லை.

அம்மாவை அழைத்தார். இருவரும் அடுப்படியில் நின்று அடங்கிய குரலில் பேசினார்கள். கடிகாரத்துக்காகத் திட்டு விழும் என்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். அவர்களோ கூரையைப் பற்றிப் பேசினார்கள். "நம்ம பெரியம்மா ஊடு, தம்பி ஊடு எல்லாம் அவங்க தோட்டத்து ஓரத்துலதான் நிக்குது. இது அங்க தெரிஞ்சுதுன்னா ஒரு கூரை மிஞ்சுமா? அந்தச் சனம் எங்க போயி நிக்கும்? இவளை உசுரோட உடுவாங்களா?" என்றார் அப்பா. ஒரு கல்லை அழித்ததற்கு ஊரில் எதற்குக் கூரை போக வேண்டும் என்று எனக்கு விளங்கவில்லை. அழித்தவர் அவர்கள் வீட்டு அண்ணன். கோபப்பட வேண்டியது நாங்கள் அல்லவா?

மத்தியானம் கடந்து அத்தை வந்தாள். அப்பா அவளிடம் சத்தம் போடவில்லை. படகு, ஐந்து மணி, எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் கேட்டார். அத்தை முதலில் முழித்தாள். பிறகு, "அப்படியெல்லாம் ஒண்ணுமில்லீங்கண்ணா" என்றாள். கொழந்தை பொய் சொல்லாது என்றார் அப்பா. அத்தை என்னைப் பார்த்தாள். நான் பொய் சொல்லவில்லை என்பதற்கு அடையாளமாகப் பலமாகத் தலையாட்டினேன். அவள் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போய்விட்டாள். விளையாட்டை விளக்கப் போனால் பிளாப்பியில் இருந்த மற்றதையும் விளக்க வேண்டியிருக்கும் என்பதை நான் எங்கே கண்டேன்.

மறுநாள் அப்பா பட்டறைக்கு லீவு போட்டார். என்னையும் பள்ளிக்கு அனுப்பவில்லை. அத்தையை மேட்டுப்பாளையத்தில் பெரியப்பாவின் ரயில்வே குவார்ட்டர்ஸில் கொண்டுபோய் விடுவதென்று முடிவாகியிருந்தது. அண்ணனும் தங்கையும் பேசிக்கொள்ளாமல் பஸ்ஸில் உட்கார்ந்து போக நடுவில் ஒரு ஆள் வேண்டும். அதற்குத்தான் என்னைக் கூட்டிப் போனார்கள்.

அத்தை அதன் பிறகு காந்திபுரம் திரும்பவில்லை. அடுத்த வருடம் அவளுக்குக் கல்யாணம் ஆனது. மாமா மிஷன் பள்ளியில் வாத்தியார், நல்ல மனிதர். பத்திரிகைக் கடையில் அதற்குள் வேறு யாரோ ஜெராக்ஸ் மெஷின் போட்டிருந்தார்கள். அந்த அண்ணன் எங்கே போனார் என்று எங்களில் யாரும் விசாரிக்கவில்லை. நான் கல்லூரிக்குப் போய்க் கம்ப்யூட்டர் படித்தபோதுதான், ஒற்றன் விட்ட இடத்தைக் குறித்துவைக்கப் பிளாப்பியில் ஒரு மூலைகூட வேண்டாம் என்று தெரிந்தது. மீதி இடத்தில் என்ன இருந்தது என்று ஒரு விடுமுறையில் அத்தையிடம் கேட்டுவிட்டேன். காய் நறுக்கிக்கொண்டிருந்தவள் கத்தியைக் கீழே வைக்காமல், "கடுதாசிதான் கண்ணு. பக்கம் பக்கமா எழுதுவாரு, நானும் எழுதுவேன். ஒண்ணுலகூட, போயிரலாமான்னு அவரும் கேக்கலை, நானும் கேக்கலை. ரண்டு பேருக்குமே அந்தத் தைரியம் வரலை" என்றாள்.

மேட்டுப்பாளையம் போன அன்று காரமடையில் பஸ் கொஞ்ச நேரம் நின்றது. அப்பா டீ குடிக்க இறங்கினார். அத்தை ஜன்னலோரம் இருந்தாள். அப்பாவின் தலை கூட்டத்தில் மறைந்ததும் என் பக்கம் திரும்பி, "அப்பாகிட்ட என்ன கண்ணு சொன்னே?" என்றாள். நான் ஒன்றுவிடாமல் சொன்னேன். அப்பா கேட்டதையும் நான் சொன்னதையும் அதே வரிசையில், அதே குரலில். பூட்டி வைத்த படித்த பெண்ணைச் சொன்னபோது அத்தையின் உதடு துடித்தது. காவல்காரர்களுக்கு வந்தபோது அவளால் அடக்க முடியவில்லை. சிரிக்க ஆரம்பித்தாள். முன் சீட்டில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு, கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டக் கொட்டச் சிரித்தாள். நேற்றிலிருந்து வீட்டில் யாரும் சிரித்து நான் பார்க்கவில்லை. இத்தனை நன்றாகக் கதை சொல்ல எனக்கு வரும் என்பதும் அன்றுதான் தெரிந்தது. அவள் தோளில் சாய்ந்துகொண்டு நானும் சிரித்தேன்.